காற்றால் நடக்கும் சிற்பங்கள்

இயங்கு சிற்பக் கலைஞர்களுள் நான் மிக உயர்வாக மதிப்பவர் நெதர்லாந்தைச் சேர்ந்த தியோ யான்சென். டெல்ஃப்ட் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் இயற்பியல் பயின்ற இவர், மின்கம்பிகளைச் செலுத்தப் பயன்படும் பிவிசி குழாய்களைக் கொண்டு, மோட்டாரோ மின்சாரமோ இன்றிக் காற்றின் விசையால் கடற்கரையில் நடக்கும் பிரமாண்டமான உருவங்களை 1990 முதல் உருவாக்கி வருகிறார்.

அவற்றின் அழகு முழுவதும் கால்களில்தான் இருக்கிறது என்பேன். நடுவில் சுழலும் வளைதண்டின் வட்ட இயக்கத்தை, தரையில் ஊன்றிய பாதம் ஏறத்தாழ நேர்கோட்டில் பின்னோக்கி நகரும்படியும், பிறகு உயர்ந்து முன்னே சென்று மீண்டும் ஊன்றும்படியும் மாற்றுவதற்கு, காலிலுள்ள தண்டுகளின் நீளங்கள் மிகச் சரியான விகிதத்தில் அமைய வேண்டும். உடல் மேலும் கீழும் குலுங்காமல் மிதப்பதுபோல் நகர்வது அதனால்தான். அந்த விகிதத்தை அவர் கணினியின் துணையுடன் தேடினார். தற்செயலான நீளங்கள் கொண்ட 1500 கால்களிலிருந்து சிறந்த 100 கால்களைத் தேர்ந்தெடுத்து, அவற்றைக் கலந்து புதியவற்றை உருவாக்கி, மீண்டும் தேர்ந்தெடுத்து எனப் பல மாதங்கள் அத்தேடல் நீண்டது. (பரிணாமத்தையே ஒரு கலைஞர் தம் உளியாக்கிக்கொண்டது எனக்குப் பெரும் வியப்பளிக்கிறது.) இதில் சிற்பத்தையும் பொறியியலையும் தனித்தனியே பிரிக்க முற்படுவோருடன் நான் உடன்படவில்லை, ஒரு தண்டின் நீளம் பிசகினால் நடை கெடும், நடை கெட்டால் உருவத்தின் அழகும் போய்விடும்.

பிற்காலத்து உருவங்கள் காற்றைப் பிளாஸ்டிக் புட்டிகளில் அழுத்திச் சேமித்து, காற்று ஓய்ந்த பின்னும் சற்று நேரம் நடக்கின்றன. தரையை ஒட்டிய குழாய் ஒன்று காற்றுக்குப் பதிலாகக் கடல்நீரை உறிஞ்சிவிட்டால், அந்தத் தடையை உணர்ந்து அவை நீரைவிட்டு விலகித் திரும்புகின்றன. மின்னணு உணரி எதுவும் இதற்குத் தேவைப்படவில்லை.