கைக்குட்டையை வாயில் வைக்கச் சொன்னார்கள்

காசநோய்க்கு ஆறு மாதம் மாத்திரை சாப்பிட்டு முடித்து ஒரு வருடம் கழித்து அந்த அழைப்பு வந்தது. மார்ச் 24, உலகக் காசநோய் நாளுக்கு ஒரு குழுவினர் சுவரொட்டி அடிக்கிறார்கள். குணமானவரின் படமும் கதையும் வேண்டுமாம். இலவசமாக மருந்து வாங்கித் தேறியவள் நான். மறுக்க மனம் வரவில்லை.

படமெடுக்க வந்த தம்பி ஏற இறங்கப் பார்த்தார். “நோயாளி மாதிரியே தெரியவில்லையே அக்கா.” 38 கிலோவிலிருந்து 52 கிலோவுக்கு ஏறியிருந்தேன், அதைச் சொல்லத்தானே போனேன்? முகக்கவசத்தைத் தாடைக்கு இறக்கி, கைக்குட்டையை வாயில் வைத்து, இருமுவதுபோல் உட்காரவைத்தார். ஆங்கிலத்தில் இரண்டு பக்கப் படிவம். கையெழுத்துப் போட்டேன். நகல் கேட்கத் தோன்றவில்லை.

சுவரொட்டி எங்கள் தெருமுனைக்கே வந்தது. டியூஷன் பிள்ளைகள் ஏழு பேரில் நான்கு பேர் நின்றுவிட்டார்கள். சரியான மருந்து தொடங்கிச் சில வாரங்களிலேயே தொற்றும் தன்மை பெரும்பாலும் அடங்கிவிடும். ஆனால் படத்தில் நான் இருமிக்கொண்டிருக்கிறேனே!

சுவரொட்டியை எடுத்துவிடச் சொன்னேன். “கையெழுத்துப் போட்டிருக்கிறீர்களே” என்றார்கள். மூன்றாம் முறை போனபோது நகல் கிடைத்தது. எல்லா ஊடகங்களிலும் எக்காலத்துக்கும் பயன்படுத்தலாம் என்றிருந்தது. திரும்பப் பெறுவது பற்றி ஒரு வரி இல்லை. தமிழில் ஒரு பக்கக் கடிதம் எழுதினேன். எச்.ஐ.வி. உள்ளவரின் நிலையை அவரது எழுத்துபூர்வ ஒப்புதலின்றி வெளியிடுவதை 2017ஆம் ஆண்டுச் சட்டம் கட்டுப்படுத்துகிறது, அதையும் சேர்த்தேன். எனக்கு அது பொருந்தாது என்று அவர்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். இருந்தாலும் முத்திரை குத்தி வாங்கிக்கொண்டார்கள். இணையத்திலிருந்து படம் இரண்டு வாரத்தில் போனது. சுவரில் இருந்ததை மழைதான் கிழித்தது.

அடுத்த வருடம் வேறொரு குழு கேட்டது. படிவம் தமிழில் வேண்டும், படத்தை நான் தருவேன், அச்சுக்கு முன் காட்ட வேண்டும், ஓராண்டோடு சரி, நடுவில் வேண்டாமென்றால் எடுத்துவிட வேண்டும் என்றேன். ஒப்புக்கொண்டார்கள். கரும்பலகை முன் சாக்பீஸோடு நிற்கும் படத்தைக் கொடுத்தேன்.

கதையில்தான் இழுபறி. மாத்திரை போட்ட முதல் நாள் சிறுநீர் ஆரஞ்சு நிறத்தில் போக, ரத்தமென்று நினைத்து இரவெல்லாம் அழுதேன். ரிஃபாம்பிசின் என்ற காசநோய் மருந்து செய்யும் வேலை அது, பயப்பட ஒன்றுமில்லை என்று யாரும் முன்கூட்டிச் சொல்லவில்லை. “இதெல்லாம் எதற்கு, வீட்டில் ஒதுக்கிவைத்தது மாதிரி ஏதாவது?” என்றார் எழுத வந்தவர். என்னை யாரும் ஒதுக்கவில்லை. அம்மா என் தட்டிலேயே சாப்பிட்டாள். ஆரஞ்சு நிறம் இல்லையென்றால் நானும் இல்லை என்றேன்.

அச்சில் அந்த வரி இருந்தது.