களத்துமேட்டுக்கு வந்த சுடுகாடு

எங்கள் ஊர் குடவாசலுக்குப் பக்கம். வீட்டுக் கொல்லையை ஒட்டி ஒரு களம் புறம்போக்கு, ஒரு காலத்தில் கதிரடித்த இடம். அங்கே எரிமேடை கட்டப் பூசை போட்டாயிற்று என்று பால்காரர் சொல்லித்தான் தெரியும். தெருவே கொதித்தது. ஆளாளுக்குக் கையெழுத்துப் போட்டு, திங்கட்கிழமை திருவாரூர் கலெக்டர் ஆபீஸ் குறைதீர் கூட்டத்தில் மனு கொடுத்தோம். ஒரு ரசீது கிடைத்தது. அதோடு சரி.

அந்த மனுவை இப்போது படித்தால் வெட்கமாக இருக்கிறது. "குழந்தைகள் பயப்படுகிறார்கள், வீட்டு மனை விலை போகாது" என்றெல்லாம் எழுதியிருந்தோம். வக்கீல் அதைப் பார்த்துவிட்டு ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: "அது பழைய சுடுகாடா, புது இடமா?"

வழக்கே அதில்தான் இருக்கிறதாம். 1999ஆம் வருட கிராம ஊராட்சி மயான விதிகளின்படி, குடியிருப்புக்கோ குடிநீர் ஆதாரத்துக்கோ 90 மீட்டருக்குள், உரிமம் பெற்ற மயானம் தவிர வேறெங்கும் புதைக்கவோ எரிக்கவோ கூடாது. மனை விலையைப் பற்றி அதில் ஒரு வரியும் இல்லை. நிலம் என்ன வகை என்று காட்டும் 'அ' பதிவேட்டு நகலும் புலப்படமும் எடுத்தோம். "களம்" என்றுதான் இருந்தது, "மயானம்" இல்லை. பத்து ரூபாய் கோர்ட் ஸ்டாம்ப் ஒட்டித் தகவல் உரிமை மனு போட்டோம். உரிமம் எதுவும் கொடுக்கவில்லை என்று பதில் வந்தது.

அப்புறம் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. இதில் ஒரு கூத்து. என் மச்சான் கும்பகோணத்துக்காரர், மதுரைக்குப் போ என்றார். தஞ்சாவூர் மாவட்டத்துக்குத்தான் மதுரைக் கிளை. திருவாரூர்க்காரன் சென்னைக்குத்தான் போக வேண்டும். நீதிமன்றம் இடத்தை வேண்டாம் என்றும் சொல்லவில்லை, வேண்டும் என்றும் சொல்லவில்லை. இரு தரப்பையும் விசாரித்து 12 வாரத்தில் முடிவெடுக்கச் சொல்லிக் கோட்டாட்சியரிடம் அனுப்பிவிட்டது.

சர்வேயர் வந்து அளந்தார். கடைசி வீட்டுச் சுவரிலிருந்து 62 மீட்டர். மேல்நிலைத் தொட்டிக்குத் தண்ணீர் ஏற்றும் போர்வெல் இன்னும் கிட்டத்தில். எங்களுக்கு ஒரே சந்தோஷம்.

விசாரணையில் கீழத்தெருப் பெரியவர் ஒருவர் எழுந்தார். அவர்களுடைய சுடுகாடு ஆற்றுக்கு அக்கரையில், படுகையில் இருக்கிறது. பாலம் கிடையாது. மேட்டூர் திறந்து தண்ணீர் வந்துவிட்டால் பாடையோடு ஆற்றில் இறங்க வேண்டியதுதான். என்னைப் பார்த்து, "தம்பி, ஒங்க வீட்டுல ஐப்பசியில சாவு விழுந்திருக்கா?" என்றார்.

விழுந்திருக்கிறது. அப்பா போனது ஐப்பசியில்தான். எங்கள் சுடுகாட்டின் வாசல் வரைக்கும் தார் ரோடு. செருப்புக்கூட நனையவில்லை.

"அதையே ஊருக்குப் பொதுவா வச்சுக்கலாமே?" என்று கோட்டாட்சியர் கேட்டார். விதி, மீட்டர், பதிவேடு என்று அதுவரை மூச்சுவிடாமல் பேசிய எங்கள் பக்கம் ஒருவரும் வாய் திறக்கவில்லை. நானும்தான்.

உத்தரவு எங்களுக்குச் சாதகமாக வந்தது. களத்தில் மயானம் கூடாது. அக்கரைக்கு நடைபாலம் கட்டப் பரிந்துரை. தெருவில் கேசரி கிண்டினார்கள். பாலத்துக்கு இரண்டு பக்கமும் அளவுக்கல் நட்டார்கள். இரண்டு வருடமாகக் கல் இருக்கிறது.

போன ஐப்பசியில் அந்தப் பெரியவர் இறந்துபோனார். நானும் போயிருந்தேன். ஆற்றில் மார்பளவு தண்ணீர். பாடையைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு ஆறு பேர் இறங்கினார்கள். பின்னால் ஒரு பையன் கொள்ளிச்சட்டியை நனையாமல் உயர்த்திப் பிடித்துக்கொண்டு போனான். நான் அளவுக்கல்லுக்குப் பக்கத்தில் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு இறங்கினேன்.