பதின்மூன்று ஜேர்சிகள்

அமெரிக்க இயேசு சபைத் துறவிகள் மட்டக்களப்புக்குக் கொண்டுவந்த கூடைப்பந்து எங்கள் வீட்டில் மூன்றாம் தலைமுறை. மகன் பொயின்ட் கார்ட், பந்தைக் கொண்டுபோய் ஆட்டத்தை நடத்துகிறவன்; அணியில் ஆகக் கட்டையன். போன கிழமை ஆட்டம் முழுக்க வாங்கிலில் இருத்திவிட்டார்கள். வந்தவன் சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் திண்ணையில் குந்தியிருந்தான்.

அமெரிக்கக் கூடைப்பந்து வீரர் இஷ் ஸ்மித்தின் கதையைச் சொன்னேன். உயரம் 6 அடிதான். 2010 இல், அமெரிக்காவின் பெரிய கூடைப்பந்துத் தொடரான என்பிஏயின் வீரர் தெரிவில் ஒரு அணியும் எடுக்கவில்லை. ஹியூஸ்டனில் தொடங்கி ஊரூராய் அலைந்தார்; பிலடெல்பியாவுக்கும் வொஷிங்டனுக்கும் இரண்டு தரம் போனார். ஒவ்வொரு இடத்திலும் புதுப் பயிற்றுநர், புது வியூகம், பந்தை எங்கே கேட்பார்கள் என்று தெரியாத புது ஆட்கள். பந்தைக் கொண்டுபோகிறவனுக்கு அது லேசான வேலையில்லை, நானும் ஆடியவன். என்பிஏயில் 13 அணிகளுக்கு ஆடிய முதல் ஆள் அவர்தான். பதின்மூன்றாவதான டென்வர், 2023 இறுதித் தொடரில் மியாமியை 4-1 என்று வென்றது. அங்கேயும் அவர் பெரும்பாலும் வாங்கிலில்தான்.

“அப்ப பன்னிரண்டு டீமும் அவர வேணாமெண்டு விட்டதா அப்பா?”

“பதின்மூண்டு டீம் வேணுமெண்டு கூப்பிட்டிருக்கு மனே.”

கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு தேய்ந்து வழுவழுத்த பந்தை எடுத்துக்கொண்டு கிணற்றடிச் சீமெந்துக்குப் போனான். இடது கையால் மட்டும் தட்டும் சத்தம் இருட்டும்வரை கேட்டது.