மூன்று மாதக் கணக்கு

மே 6, 2025

அரசு வேலைக்குத் தேர்வானவர்கள் பட்டியலில் தம்பியின் பெயர் இல்லை. கடையில் கூட்டம் நின்றிருந்த நேரத்தில் கைப்பேசியை என் முன் நீட்டினான். தேர்வு பெறவில்லை என்று மலாயில் ஒரு வரி. அதன் கீழே, தொழிற்கல்விச் சான்றிதழ் ஒப்படைக்கப்படவில்லை என்று இன்னொரு வரி. அந்தச் சான்றிதழை இதே கடையில் நகல் எடுத்து, உறையில் போட்டு, நான்தான் அவன் கையில் கொடுத்தேன். மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட்டில் பதினோரு ஆண்டுகளாக நகல் கடை வைத்திருக்கிறேன். சுற்றுவட்டாரத் தோட்டத்துப் பிள்ளைகள் அரசு வேலைக்கு விண்ணப்பிக்க என்னிடம்தான் வருகிறார்கள். எந்தத் தாள் போயிற்று, எது போகவில்லை என்பது எனக்குத் தெரியாதா?

மே 20

மறுத்த அலுவலகத்துக்கே முறையீட்டுக் கடிதம் அனுப்பினேன். மக்கள் பிரதிநிதியின் சேவை மையத்திலும் ஒரு பிரதி கொடுத்தோம். "பார்க்கலாம் தங்கச்சி" என்றார்கள்.

ஜூன் 19

மூன்றாவது கடிதமும் போய்விட்டது. பதில் இல்லை. தம்பி செம்பனைக் குலை வெட்டப் போகிறான். அப்பா பால்மரம் (ரப்பர்) வெட்டிய அதே தோட்டம், மரம்தான் மாறியிருக்கிறது. சாயங்காலம் முள் கீறிய கையோடு வந்து, "கடிதம் வந்ததா அக்கா?" என்று கேட்கிறான்.

ஜூலை 22

ஈப்போவில் வழக்கறிஞரைப் பார்த்தோம். மூன்று கடிதங்களையும் மேசையில் பரப்பினேன். அந்த அம்மா அவற்றைத் தொடவே இல்லை. "முடிவு எந்தத் தேதியில் உங்களுக்குத் தெரிந்தது?" என்று மட்டும் கேட்டார். மே 6 என்றதும் நாள்காட்டியைத் திருப்பினார்.

அரசின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போட மூன்று மாதம்தான் அவகாசமாம். 2012ஆம் ஆண்டின் நீதிமன்ற விதிகள், 53ஆம் கட்டளை. அதற்கு முந்தைய விதியில் 40 நாள்தான் இருந்ததாம். முறையீடு அனுப்பிவிட்டுக் காத்திருப்பதால் அந்தக் கணக்கு நின்றுவிடும் என்று நம்பக் கூடாது என்றார். எழுபத்தேழு நாள்களை நான் கடிதம் எழுதியே கழித்திருக்கிறேன். பஸ்ஸில் வரும்போது தம்பியின் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

ஜூலை 24

தம்பியின் தாள்களைப் பெற்றுக்கொண்டதாக அலுவலகம் தந்த ஒப்புகைச் சீட்டு கிடைத்தது! அம்மா மைலோ டின்னில் பத்திரப்படுத்தியிருந்தார். சான்றிதழின் பெயர், தேதி, முத்திரை எல்லாம் தெளிவாக இருக்கின்றன.

ஊரில் எல்லோரும் "இனத்தைப் பார்த்துத்தான் கழித்தார்கள்" என்கிறார்கள். எனக்கும் அந்தக் கோபம் உண்டு. அரசமைப்புச் சட்டத்தின் 8(2) பிரிவு, அரசுப் பணி நியமனத்தில் இனம், மதம், வம்சாவளி, பிறந்த இடம், பால் இவற்றை மட்டும் காரணமாக வைத்துப் பாகுபாடு கூடாது என்கிறது. அதே சட்டத்தின் 153ஆம் பிரிவு மலாய்க்காரர்களுக்கும் சபா, சரவாக் பூர்வகுடிகளுக்கும் ஒதுக்கீடு தர இடம் தருகிறது. வழக்கறிஞர் சொன்னது: "சந்தேகம் சாட்சியாகாது. சீட்டைப் பிடித்துக்கொள்ளுங்கள்."

2011இல் ஷா ஆலம் உயர் நீதிமன்றம் தீர்த்த வழக்கு ஒன்றையும் சொன்னார். தற்காலிக ஆசிரியராக எடுக்கப்பட்ட ஒரு பெண், கர்ப்பிணி என்று தெரிந்ததும் நீக்கப்பட்டார். அது 8(2)க்கு முரண் என்று தீர்ப்பு வந்தது. 'பால்' என்ற சொல் அந்தப் பிரிவில் சேர்ந்ததே 2001இல்தான். அந்தப் பெண்ணுக்கு வேலைக்கு எடுத்ததற்கான பணியிடக் குறிப்பாணை தரப்பட்டிருந்தது. எங்களிடம் இருப்பது இந்தச் சீட்டு.

ஆகஸ்ட் 4

மனு தாக்கலாகிவிட்டது. இரண்டு நாள்தான் மிச்சம் இருந்தது. தம்பி சத்தியப் பிரமாணத்தில் கையெழுத்துப் போட்டான். சட்டத்துறைத் தலைவர் அலுவலகத்துக்கும் பிரதி போகிறது. முதலில் நீதிபதி அனுமதி தர வேண்டும். விசாரணை அதன் பிறகுதான். வென்றாலும் நீதிமன்றம் வேலையைத் தூக்கிக் கொடுக்காது. அவன் தகுதியானவனா என்று அது பார்ப்பதில்லை. முடிவெடுத்த முறை சரியா என்றுதான் பார்க்கும். தவறென்று கண்டால், அந்த முடிவை நீக்கி மறுபடி பரிசீலிக்கச் சொல்லும். "அது போதும் அக்கா, என் தாளை ஒருமுறை ஒழுங்காகப் பார்த்தால் போதும்" என்கிறான்.

மாலையில் தோட்டத்து லயத்திலிருந்து ஒரு பெண் வந்தாள். இவளுக்கும் மறுப்புக் கடிதம். முறையீடு எழுதித் தரச் சொன்னாள். வாங்கித் தேதியைப் பார்த்தேன். மே 28. நாளைக் காலையில் அப்பாவையும் அழைத்து வா, ஈப்போவுக்குப் போக வேண்டும் என்றேன்.