தாமதமாக வந்த கங்கை

1998ல் காசிக்குப் போய்வந்த அப்பா, கைக்கடக்கமான ஒரு செப்புச் சொம்பில் கங்கைத் தீர்த்தம் கொண்டுவந்தார். வாயை ஈயம் வைத்து அடைத்த சொம்பு. அந்தக் கங்கையை ராமேஸ்வரத்தில் ராமநாதசுவாமிக்கு அபிஷேகம் செய்தால்தான் காசி யாத்திரை பூர்த்தியாகும் என்பது நம் பெரியவர்கள் சொல்லும் முறை. "அடுத்த தை அமாவாசைக்குப் போயிடலாம்" என்பார். மதுரையிலிருந்து நான்கு மணி நேரப் பயணம்தான். தங்கைகள் கல்யாணம், வீட்டுக் கடன், அப்புறம் அவருடைய முட்டி வலி என்று தை அமாவாசைகள் போய்க்கொண்டே இருந்தன. வெள்ளிக்கிழமைதோறும் அம்மா அந்தச் சொம்புக்கும் ஒரு குங்குமப் பொட்டு வைப்பார். போன வருடம் அப்பா காலமானார்.

இந்த மாசியில் அம்மாவும் நானும் கிளம்பினோம். பாம்பன் பாலத்தில் பஸ் ஏறியதும், பையிலிருந்த சொம்பை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். ஒரு பக்கம் 1914ல் திறந்த பழைய ரயில் பாலமும், அதை ஒட்டி 2025ல் வந்த புதிய தூக்குப் பாலமும் தெரிந்தன. அம்மா எதையும் பார்க்கவில்லை.

விடியற்காலை ஐந்து மணிக்கு ஸ்படிகலிங்க தரிசனம். அலாரத்தை நான் தவறாக வைத்துவிட்டேன்; எழுந்தபோது ஆறரை. அம்மா ஒரு வார்த்தை சொல்லவில்லை, அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

அக்னி தீர்த்தத்தில் முழுக்குப் போட்டுவிட்டு, கோயிலுக்குள் 22 தீர்த்தங்களுக்கும் போனோம். கிணற்றுச் சுவர்மேல் நிற்பவர் வாளியை விட்டு இழுத்து அப்படியே தலையில் கவிழ்க்கிறார். கடல் உப்பு இன்னும் உதட்டில் இருக்கும்போதே கிணற்று நீர் வாய்க்குள் போகிறது. கடலுக்கு இத்தனை பக்கத்தில் அந்தத் தண்ணீரில் உப்பே தெரியவில்லை.

உடை மாற்றி வரிசையில் நிற்கும்போதுதான் அம்மா பேசினார். "அனுமாரும் இங்க லேட்டாத்தான்டா வந்தாரு."

சின்ன வயதிலிருந்து கேட்ட கதைதான். சிவபூஜைக்கு லிங்கம் கொண்டுவர அனுமன் கயிலைக்குப் போகிறார். குறித்த முகூர்த்தம் நெருங்குகிறது, அவரைக் காணவில்லை. சீதை கடற்கரை மணலைக் குவித்து லிங்கம் பிடிக்க, ராமர் பூஜையை முடித்துவிடுகிறார். அப்புறம் வந்த அனுமன் மனம் நொந்து, மணல் லிங்கத்தை வாலால் சுற்றி இழுத்துப் பார்க்கிறார், அசையவில்லை. ராமர் அவரைத் தேற்றி, அவர் கொண்டுவந்த விஸ்வலிங்கத்துக்கே முதல் பூஜை என்று வைக்கிறார். இன்றைக்கும் அப்படித்தான் நடக்கிறது. ராமேஸ்வரத்தின் உயிரே இந்த இடத்தில்தான் இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. முகூர்த்தம் யாருக்காகவும் நிற்காது, சரி. நேரம் தப்பி வந்தவரின் லிங்கத்துக்குப் பூஜை முதலில்.

நாங்களும் விஸ்வநாதரை முதலில் கும்பிட்டோம். பிறகு கங்காபிஷேகச் சீட்டு வாங்கிச் சொம்பைக் கொடுத்தோம். அடைப்பை நெம்பி எடுக்கும்போது எனக்குப் பயமாக இருந்தது, இத்தனை வருடத்தில் தண்ணீர் வற்றிப் போயிருந்தால்? இருந்தது. அது சுவாமி மேல் விழும்போது அம்மா கைகூப்பியபடி, "ஏங்க, கொண்டாந்துட்டோம்" என்றார்.

மத்தியானம் தனுஷ்கோடி. 1964 டிசம்பர் 22 இரவில் புயல் பாம்பன் பாசஞ்சர் ரயிலோடு ஊரையும் கொண்டுபோன இடம். இடிந்த தேவாலயத்தின் சுவரைத் தொட்டுப் பார்த்தேன். பவளக் கல், வளையம் வளையமாக, தேன்கூடு மாதிரி குழி குழியாக. கடலுக்கடியில் மெல்ல மெல்ல வளர்ந்த கல், சுவராகி நின்று, ஒரே ராத்திரியில் சரிந்திருக்கிறது. வழியில் விபீஷணருக்குப் பட்டம் கட்டிய கோதண்டராமர் கோயில் மட்டும் அந்தப் புயலில் அப்படியே நின்றது.

அரிச்சல்முனையில் இடது பக்கம் வடகடல், வலது பக்கம் தென்கடல். சங்கு விற்ற அம்மா ஒருவர், "வாடைக் காலத்துல அது எரையும், கச்சான்ல இது எரையும்" என்றார். கச்சான் என்றால் தென்மேற்குக் காற்று. எதிரே சேதுவின் மணல் திட்டுகள், அதற்கப்பால் தலைமன்னார். என் போன் அக்கரை டவரைப் பிடித்துக்கொண்டது. ஆனால் மணி மாறவில்லை, இப்போது இரண்டு கரைக்கும் ஒரே நேரம்தான். 1996லிருந்து 2006 வரை இலங்கைக் கடிகாரம் நம்முடையதை முந்தித்தான் ஓடியது. அப்பா சொம்போடு திரும்பிய வருடம் இங்கே நடுப்பகல் என்றால் அங்கே பன்னிரண்டரை. தண்ணீருக்கு நடுவே அந்த அரை மணி எங்கே இருந்திருக்கும் என்று யோசித்துக்கொண்டே நின்றேன்.

அம்மா குனிந்து சேது மண்ணை அள்ளிக் காலிச் சொம்பில் போட்டுக்கொண்டிருந்தார்.

"இதைப் பிரயாகையில கரைக்கணும். எப்பப் போறோம்?"

அடுத்த தை என்று வாய்வரை வந்தது. "பங்குனிக்குள்ள போயிடலாம்மா, இன்னைக்கே டிக்கெட் போட்டுடறேன்" என்றேன். அம்மா சொம்பின் வாயில் மஞ்சள் துணியைச் சுற்றி, முடிச்சை இரண்டு முறை இறுக்கினார்.