பேசும் உப்பு

நம் பள்ளி இயற்பியல் கூடத்தில், கண்ணாடி அலமாரியின் கீழ்த்தட்டில், ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலுக்குள் இருந்த படிகம் பார்வைக்குப் பெரிய கற்கண்டு போலத்தான் இருக்கும். மரச்சுத்தியால் தட்டினால் சின்ன நியான் விளக்கு மின்னும். ரேடியோவோடு இணைத்தால் பாடும். அது ரோஷல் உப்பு. பிள்ளைகளுக்குச் செய்து காட்ட முறை வேண்டும் என்று நம் பழைய மாணவர் சங்கத்தில் பலர் கேட்பதால், நம் இயற்பியல் சார் கரும்பலகையில் எழுதிய அளவுகளோடு, எழுதாமல் வாயால் மட்டும் சொன்ன எச்சரிக்கைகளையும் சேர்த்துத் தருகிறேன்.

அழுத்தினால் மின்சாரம் தரும் படிகங்களில் இதையும் சேர்த்து 1880-இல் கண்டு சொன்னவர்கள் கியூரி சகோதரர்கள். மின்சாரம் கொடுத்தால் படிகம் அசையும். அந்த அசைவுதான் நம் காதுக்கு ஓசையாக வருகிறது.

ஆப்பசோடா 100 கிராமை வாணலியில் ஒரு மணி நேரம் வறுக்க வேண்டும். நிறுத்துப் பார்த்தால் 63 கிராம் வர வேண்டும்; அதற்கு மேல் இருந்தால் வறுவல் போதவில்லை. சென்னை பாரிமுனை ரசாயனக் கடையில் வாங்கிய கிரீம் ஆஃப் டார்ட்டர் (கேக் செய்பவர்கள் சேர்க்கும் புளிப்பு வெள்ளைப் பொடி) 200 கிராமை 250 மில்லி தண்ணீரில் போட்டு, அந்தப் பாத்திரத்தைக் கொதிநீருக்குள் வைத்துச் சூடாக்க வேண்டும். முதலில் மோர் போல வெளுத்திருக்கும். வறுத்த சோடாவை அரை அரை ஸ்பூனாகப் போடுங்கள். அவசரப்பட்டால் நுரை பொங்கி மேசையெல்லாம் வழியும். 56, 57 கிராம் போனதும் நுரை அடங்கிக் கரைசல் தெளிந்துவிடும். சூட்டோடு வடிதாளில் வடித்து மூடி வையுங்கள்.

ஓரிரு நாளில் அடியில் படியும் சிறு படிகங்களில் பழுதில்லாத ஒன்றைத் தூண்டில் நரம்பில் கட்டி, மீண்டும் வடித்த கரைசலில் தொங்கவிட வேண்டும். இங்கேதான் பாதிப் பேர் தோற்பார்கள். கரைசல் சற்றே சூடாக இருந்தாலும் கட்டிய விதைப் படிகம் கரைந்து, மறுநாள் காலை வெறும் முடிச்சுதான் தொங்கும். வடிக்காமல் விட்டால் மிச்சமிருக்கும் தூசி ஒவ்வொன்றிலும் ஒரு படிகம் முளைத்து, எதுவும் பெரிதாகாது. மே மாத வெயிலில் உப்பு கரைசலிலேயே தங்கிவிடும் என்பதால் சார் இதை மார்கழியில்தான் தொடங்குவார். மேலே மின்விசிறி கூடாது. மூன்று வாரத்தில் கட்டைவிரல் அளவுக்கு வளர்ந்திருக்கும். எடுத்ததும் தண்ணீரில் கழுவிவிடாதீர்கள். ஸ்பிரிட் தொட்ட துணியால் ஒற்றினால் போதும்.

எதிரெதிர் முகங்களில் அலுமினியத் தாள் ஒட்டி, கம்பியை அழுத்திப் பிடிக்க வைக்க வேண்டும். பற்றவைக்கவே கூடாது: 55 டிகிரி சூட்டில் படிகத்துக்குள் இருக்கும் நீர் கழன்று அந்த இடம் வெளுத்துப்போகும். உருகிய மெழுகில் முக்குவதும் இதே காரணத்தால் தவறு. தச்சர்கள் பூசும் அரக்குப் பாலிஷ், அல்லது நகப்பூச்சு, இரண்டு கை பூசினால் ஈரம் ஏறாது.

ரேடியோவின் ஸ்பீக்கர் கம்பியை அப்படியே படிகத்தில் மாட்டினால் சத்தம் வராது, மின்னழுத்தம் போதாது. ரிச்சி தெருவில் பழைய வால்வு ரேடியோவின் அவுட்புட் டிரான்ஸ்ஃபார்மர் கிடைத்தால் அதைத் திருப்பிப் போடுங்கள். ஸ்பீக்கர் பக்கத்துச் சுருளில் ரேடியோ, அதிகச் சுற்றுள்ள பக்கத்தில் படிகம். அந்தப் பக்கம் கை படக்கூடாது. படிகத்தின் மேல் ஒரு காலி பிஸ்கட் டப்பாவை அழுத்தினால் டப்பா பாடும். மதியத்தைவிடக் காலையில் நன்றாகக் கேட்கும். இந்த உப்பு 24 டிகிரியை ஒட்டித்தான் முழு வீரியத்தோடு இருக்கும், அதற்கு மேல் சூடு ஏற ஏறக் குரல் இறங்கும்.

சென்னையின் காற்றுக்கும் இந்த உப்புக்கும் என்றைக்குமே ஒத்துப்போனதில்லை. கல்யாண வீட்டு மைக் செட்டின் ரெக்கார்டு பிளேயரில், ஊசியைத் தாங்கும் கிரிஸ்டல் கார்ட்ரிட்ஜுக்குள் இருந்ததும் இதன் சீவல்தான். ஐப்பசி அடைமழையில் ஈரம் குடித்துப் பாட்டு மெலிந்துபோகும். ஊசியை மாற்றினாலும் சரியாகாது. பிறகு ஈரத்துக்கு அசையாத செராமிக் வந்து அந்த வேலையை எடுத்துக்கொண்டது. பழைய கிரிஸ்டல் இயர்போனும் இதே குடும்பம். பேட்டரி இல்லாமல் ஓடும் டயோடு ரேடியோவில் அதை மாட்டும்போது குறுக்கே 47 கிலோ ஓம் ரெசிஸ்டர் ஒன்று போட வேண்டும். படிகம் நேர்மின்சாரத்தைக் கடத்தாது என்பதால், ரெசிஸ்டர் இல்லையென்றால் 720 கிலோ ஹெர்ட்ஸில் சென்னை வானொலி கரகரக்கும், அல்லது அடைபடும்.

குளிர்நாட்டில் இருப்பவர்களுக்கு ஈரத்தால் வரும் தொல்லை இல்லை, ஆனால் ஹீட்டர் ஓடும் அறையில் காற்று வறண்டு படிகத்தின் மேல் வெள்ளைப் பொடி பூக்கும். சிலிக்கா ஜெல் போட்டாலும் இதே கதிதான். பாட்டிலின் அடியில் அதே உப்பைத் தூளாக்கி, லேசாக ஈரம் காட்டி ஒரு ஸ்பூன் போட்டு, மூடியை இறுக்கி வையுங்கள்.