ஒரு தலேத் வளைந்தால் சுருளே செல்லாது

எழுத்துக்குக் காவல் நிற்கும் எழுத்தர்களைக் கதையில் தேட வேண்டாம். யூதர்களின் 'சோஃபெர்' அதைத்தான் செய்கிறார். வாசல் நிலையில் பதிக்கும் 'மெசுசா'வை எடுத்துக்கொள்வோம்: வேத வரிகள் எழுதிச் சுருட்டிய உள்ளங்கையளவு தோல், 22 வரி, 713 எழுத்து.

மை நம் நாட்டுமருந்துக் கடைச் சரக்குதான்: மாசிக்காய், அன்னபேதி, வேலம்பிசின். பிசின் கூடினால் காய்ந்தபின் வெடித்து உதிரும். பேனா வாத்து அல்லது வான்கோழி இறகு, சிலர் நாணல். தோலில் முதலில் மையில்லாமல் கோடு கீறியாக வேண்டும்.

ஒவ்வோர் எழுத்தைச் சுற்றியும் வெறும் தோல் தெரிய வேண்டும். பக்கத்து எழுத்தை மயிரிழையளவு தொட்டாலும் செல்லாது. 'எகாத்' (ஒருவன்) என்ற எபிரேயச் சொல்லின் கடைசி எழுத்து தலேத். அதன் மூலை மழுங்கி வளைந்தால் ரேஷ் என்னும் வேறு எழுத்து, சொல்லும் 'அகேர்' (வேறொருவன்) ஆகிவிடும். ஒரே கடவுள் என்னும் வரியிலேயே!

யூத வேதமான தோராவின் சுருளில் 3,04,805 எழுத்து இருந்தாலும் பிழையைச் சுரண்டித் திருத்தலாம். மெசுசாவில் முடியாது, அதுதான் கொடுமை. எழுத்துகள் வரிசை மாறாமல் எழுதப்பட வேண்டும். ஐந்தாம் வரியில் ஒன்று விட்டுப்போனதை இருபதாம் வரியில் கண்டால், திரும்பிப்போய்ச் செருக இடமில்லை. மை சொட்டி உருவம் கெட்டாலும், சுற்றிச் சுரண்டி எழுத்தின் உருவத்தை மீட்கக் கூடாது. எழுத்து எழுதப்பட வேண்டும், செதுக்கப்படக் கூடாது என்பது விதி.

இறைவன் பெயரில் பிழையா? அழிக்கவே கூடாது. அந்தத் தோலைப் புதைத்துவிடுவார்கள்.

மாட்டியபின் ஏழு ஆண்டில் இருமுறை கழற்றிப் பார்ப்பது வழக்கம். வெயிலும் ஈரமும் படும் வாசலில் மை எத்தனை நாள் தாங்கும்?